குசகாபேயிடம் இரண்டாவது தடவை கேட்கவில்லை

குசகாபே நொபுயோஷி விண்வெளி வீரர். விண்வெளிக்குப் போனதில்லை. இந்த இரண்டு வாக்கியங்களையும் அடுத்தடுத்துப் படித்துவிட்டுச் சிரிப்பவர்கள் எங்கள் சுகுபா ஊர்க்காரர்களாக இருக்க முடியாது. இங்கே அது ஓர் உத்தியோகம். காலை எட்டரைக்கு சைக்கிளில் கிளம்புவார். விண்வெளி முகமையின் வாசலில் காவலாளிக்குத் தலைகுனிந்து வணக்கம் சொல்வார். மாலை ஆறரைக்குத் திரும்புவார். பல் டாக்டரிடம் காத்திருக்கும்போது பக்கத்து நாற்காலிக்காரர் இவரை அடையாளம் கண்டு எழுந்து குனிவார். பிறகு, "மேல போறது எப்போங்க?" என்பார். "உங்க தயவுல காத்துக்கிட்டு இருக்கேன்" என்பார் குசகாபே. பதினாறு வருஷமாக இதே பதில். ஒரு முறை வாயில் பஞ்சை வைத்துக்கொண்டே சொல்லியிருக்கிறார். கேட்டவருக்குப் புரிந்துவிட்டது. அத்தனை பழகிய பதில்.

அவர் பிறந்தது கியோத்தோவில், ஊறுகாய்க் கடை வைத்திருந்த குடும்பத்தில், இரண்டாவது மகனாக. கியோத்தோக்காரர்களைப் பற்றி நாட்டில் மற்ற எல்லோருக்கும் ஒரே புகார்தான். நேரே எதையும் சொல்ல மாட்டார்கள். விருந்தாளி எழுந்து போகமாட்டாரா என்று இருக்கும்போதுகூட "இன்னும் கொஞ்சம் சாப்பிடுங்களேன்" என்றுதான் சொல்வார்கள். நல்ல விருந்தாளி உடனே எழுந்துகொள்வார். அந்த ஊரில் ஒருவர் ஒன்றைத் தரும்போது முதல் தடவை "வேண்டாம்" என்பது பதிலே அல்ல, வீட்டுக்குள் நுழையும் முன் செருப்பைக் கழற்றுவதைப் போல ஒரு செய்கை. இரண்டாவது "வேண்டாம்" நல்ல வளர்ப்புக்கு அடையாளம். மூன்றாவது தடவை கேட்டால், மிகுந்த சங்கடத்தோடு, கழுத்தைச் சற்றுச் சாய்த்து, எடுத்துக்கொள்ளலாம். முதல் தடவையே கையை நீட்டுகிறவனைப் பற்றி அவன் தெருமுனை தாண்டியதும் பேச ஆரம்பிப்பார்கள். இந்த ஒழுக்கத்தை குசகாபே தாய்ப்பாலோடு குடித்தார். ஊறுகாயோடு என்றும் சொல்லலாம்.

மனைவி ஹிசாயே எங்கள் இபராகிப் பக்கத்துப் பெண். நாங்கள் மனதில் இருப்பதை அப்படியே கொட்டிவிடுகிற ஆட்கள், அதற்காக நாடு முழுவதும் எங்களைக் கேலி செய்யும். பெண் பார்க்க வந்த அன்று மாமனார் வீட்டில் குசகாபேக்கு நத்தோ வைத்தார்கள். நூல் நூலாக இழுபடும் புளிக்க வைத்த சோயா. கியோத்தோக்காரர்களுக்கு அதன் வாசனையே ஆகாது. குசகாபே கண்ணை மூடிக்கொண்டு விழுங்கிவிட்டு "ரொம்ப நல்லா இருக்கு" என்றார். அதன் பலனாக அடுத்த இருபத்தைந்து வருஷம் தினமும் காலையில் அவர் நத்தோ சாப்பிட்டார். ஹிசாயேவுக்கு இது நெடுநாள் தெரியாது. தெரிந்தபோது அவள் அழுதாள். அவர் மன்னிப்புக் கேட்டார். மறுநாளும் நத்தோ சாப்பிட்டார், அவள் மனம் புண்பட்டுவிடக் கூடாதே என்று.

முகமையில் அவர் சேர்ந்தது பொறியாளராக. விண்வெளி நிலையத்தில் நம்முடைய ஆய்வுக்கூடம் ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கிறது அல்லவா, அதில் கருவிகளை வெளியே தள்ளுவதற்கு ஒரு சின்ன வாசல் உண்டு. அந்த வாசல் கதவின் விளிம்பில் காற்று கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையம்தான் குசகாபேயின் இளமை. ஆறு வருஷம் அந்த வளையத்தைக் குளிரவைத்தார், சுடவைத்தார், நசுக்கினார், இழுத்தார். கடைசியில் அது எதற்கும் அசையாத வளையமாக ஆனது. அந்த வாசலைத் தானே ஒரு தடவை திறந்து மூட வேண்டும் என்ற ஆசை அவருக்கு அப்போதுதான் வந்தது. அதை அவர் விண்ணப்பத்தில் எழுதவில்லை. 'மனிதகுலத்துக்குச் சிறு தொண்டு' என்று எழுதினார். எல்லோரும் அதைத்தான் எழுதியிருந்தார்கள்.

தொள்ளாயிரம் விண்ணப்பம். கடைசியில் எட்டு பேர். எட்டு பேரையும் ஜன்னலில்லாத ஒரு கூண்டில் ஒரு வாரம் அடைத்து, கேமரா வைத்துப் பார்த்தார்கள். கடைசி நாளில் ஆளுக்கொரு தாள் கொடுத்து, 'உங்களில் யார் தகுதி குறைந்தவர்? பெயரை எழுதவும்' என்றார்கள். எட்டு பேரும் தத்தம் பெயரையே எழுதினார்கள். நடுவர்கள் தாள்களை அப்படியே உறையில் போட்டு ஒட்டிவிட்டு, யார் கழிப்பறையைக் கழுவினார்கள் என்று கேமராப் பதிவைப் போட்டுப் பார்த்தார்களாம். குசகாபே மூன்று தடவை கழுவியிருந்தார், யாரும் பார்க்காத நேரமாகப் பார்த்து. முப்பத்தைந்தாவது வயதில் விண்வெளி வீரர் ஆனார்.

அதன் பிறகு எட்டு வருஷம் ஹ்யூஸ்டன். அங்கே அவர் வேறு ஆளாக இருந்தார் என்று கூட இருந்தவர்கள் சத்தியம் செய்கிறார்கள். காபி இயந்திரத்தின் பக்கத்தில் நின்றுகொண்டு யாராவது "வாரக் கடைசியில் விமானம் ஓட்ட யார் வருகிறீர்கள்" என்றால், "நான்" என்று முதலில் சொன்னவர் அவர்தானாம். இதை நம்புவது கஷ்டம். ஆனால் மொழியை மாற்றினால் கூச்சம் எங்கோ போய்விடுகிறது. நாடு திரும்பியதும் விமான நிலையத்திலேயே, அந்நியர்களுக்கு வழிவிட்டு வழிவிட்டு, மின்தூக்கியை நான்கு தடவை தவறவிட்டார்.

மாற்று ஆளாக அவரை இரண்டு தடவை நியமித்தார்கள். மாற்று ஆள் என்றால் போகிறவர் படிக்கிற எல்லாவற்றையும் படிக்க வேண்டும். அவர் போட்டுக்கொள்கிற ஊசியை இவரும் போட்டுக்கொள்ள வேண்டும். இருக்கைக்காக முதுகை ஈரச் சாந்தில் அழுத்தி அச்செடுத்துக்கொள்ள வேண்டும். கஸகஸ்தானில் இருக்கிற ஏவுதளம் வரை கூடப் போய், கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று கையாட்டிவிட்டு, மறுநாள் சாதாரண விமானத்தில் வீட்டுக்கு வர வேண்டும். முதல் தடவை தெருவே கூடி வாழ்த்துத் துணி கட்டி வழியனுப்பியது. மாற்று ஆள் என்ற விவரம் அவர்களுக்குச் சரியாகத் தெரியாது, இவரும் சொல்லவில்லை. திரும்பி வந்தபோது வெளியூர் போனவர் செய்ய வேண்டிய முறையைச் செய்தார். கஸகஸ்தானில் வாங்கிய மிட்டாய்ப் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போய், "சிரமம் கொடுத்துட்டேன்" என்று குனிந்தார். பதினான்கு வீடு. ஒரு வீட்டு அம்மாள் மட்டும், "எடை இல்லாம மெதக்கறது எப்படி இருந்துச்சு?" என்று கேட்டாள். "அது மத்தவங்களுக்குத்தாங்க கெடச்சுது" என்றார் குசகாபே.

அவருக்கு ஐம்பத்தொரு வயது ஆனபோது முகமையின் டாக்டர் வருடாந்திரச் சோதனையை முடித்துவிட்டுப் பேனாவை மூடி, பெயரோடு மரியாதைக்கு 'சான்' சேர்த்துச் சொன்னார்.

"கண்ணு நரம்புல அழுத்தம் கொஞ்சம் கூடியிருக்கு, குசகாபே சான். இந்த வருஷம் கையெழுத்துப் போடறேன். அடுத்த வருஷமும் போடுவேன். அதுக்கு மேல என் பேனா எழுதாது."

"ரெண்டு வருஷமே பெரிய விஷயம். உங்களுக்குத் தொந்தரவு."

"எனக்கென்ன தொந்தரவு? உங்களுக்கு ஒரு சீட்டு வரணுமே."

சீட்டு வந்தது. அந்த அக்டோபரிலேயே வந்தது. ஆறு மாதம் நிலையத்தில் தங்குகிற பயணம், ஒரு வருஷம் கழித்துப் புறப்பாடு. வீரர்கள் பிரிவுத் தலைவர் அன்சாய், காலை பத்து மணிக்கு குசகாபேயைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். அன்சாய் ஹொக்காய்தோவில் மாட்டுப் பண்ணைக்காரரின் மகன். நல்ல மனிதர். பசுவிடம் யாரும் ஒரு கேள்வியை மூன்று தடவை கேட்பதில்லை என்பதால் அவருக்கு அந்தப் பழக்கம் இல்லை. போதாததற்கு, அந்த வருஷம்தான் புதுப் படிவம் ஒன்று நடைமுறைக்கு வந்திருந்தது. அதில், 'வீரரின் விருப்பம்: உண்டு / இல்லை' என்று ஒரு வரி.

"குசகாபே சான், ஒரு சீட்டு இருக்கு. நீங்க போறீங்களா?"

குசகாபேயின் நெஞ்சு ரப்பர் வளையம் அடைத்ததைப் போல அடைத்துக்கொண்டது. கண் நிறைந்தது. வாய் மட்டும் கியோத்தோவில் இருந்தது.

"எனக்கா... அதுக்கெல்லாம் நான் இன்னும் பத்தாதுங்க. நிவா சான் இருக்காரே. சின்ன வயசு, கைவேகம் இருக்கு. அவருதான் பொருத்தம்னு எனக்குத் தோணுது."

சொல்லிவிட்டுத் தேநீர்க் கிண்ணத்தை இரண்டு கையாலும் எடுத்தார். கேட்பவருக்கு அடுத்த கேள்வியைக் கேட்க வசதியாக, இரண்டு மடக்கு குடித்து, கிண்ணத்தைக் கீழே வைத்தார். வைத்த பிறகும் அதன் விளிம்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்படியா. புரிஞ்சுது" என்றார் அன்சாய். படிவத்தில் என்னவோ எழுதினார். "வேற ஏதாவது சொல்லணுமா?"

"இல்லீங்க. நேரம் எடுத்துட்டேன்."

அன்று குசகாபே சீக்கிரமே வீட்டுக்கு வந்துவிட்டார். ஹிசாயே முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தாள். மகள் சினாட்சு பிறந்த நாளிலிருந்து இவர் ஹிசாயேவை 'அம்மா' என்றும் அவள் இவரை 'அப்பா' என்றும்தான் கூப்பிட்டுக்கொள்வது. மகள் கல்யாணமாகி நகோயா போய்விட்டாள், அந்த இரண்டு பெயர்கள் மட்டும் இங்கேயே தங்கிவிட்டன.

"அம்மா, இன்னிக்குக் கேட்டாங்க."

கத்தி நின்றது. "சீட்டா?"

"ஆமா."

"என்ன சொன்னீங்க அப்பா?"

"முறைப்படி மறுத்தேன்."

"எத்தனை தடவை கேட்டாங்க?"

"இதுவரைக்கும் ஒரு தடவை."

ஹிசாயே கத்தியை அலம்பி, துடைத்து, அதன் இடத்தில் வைத்தாள். கோபம் வந்தால் அவள் கையில் கத்தி வைத்துக்கொள்வதில்லை.

"போனை எடுத்து, போறேன்னு சொல்லுங்க."

"இன்னிக்கே கூப்பிட்டா அலையற மாதிரி இருக்கும்."

"பதினாறு வருஷமா அலைஞ்சீங்களே. கஸகஸ்தான் வரைக்கும் அலைஞ்சீங்க. இன்னும் யார் கண்ணுக்குத் தெரியக் கூடாதுன்னு பாக்கறீங்க?"

"அன்சாய் சான் யோசிச்சிட்டு நாளைக்குத் திரும்பக் கேப்பார்."

"அவர் ஹொக்காய்தோக்காரர்."

"அதனாலென்ன, அவரும் மனுஷர்தானே."

"நானும் மனுஷிதான். ஒரு தடவை நல்லா இருக்குன்னு சொன்னதுக்கு இருபத்தஞ்சு வருஷம் நத்தோ போட்டேன்."

மறுநாள் அன்சாய் கூப்பிடவில்லை. அதற்கு மறுநாளும் கூப்பிடவில்லை. குசகாபே தாழ்வாரத்தில் அவரை இரண்டு தடவை எதிரே சந்தித்தார். இரண்டு தடவையும் நடையைச் சற்றுத் தளர்த்தி, கேட்பதற்கு ஏற்ற முகத்தோடு வணங்கினார். அன்சாயும் வணங்கினார். குளிர் ஆரம்பித்துவிட்டது என்று பேசிக்கொண்டார்கள். மூன்றாம் நாள் ஹிசாயே தானே போனை எடுத்து எண்ணை அழுத்த ஆரம்பித்தாள். அவர் எழுந்து வந்து, மிகவும் பணிவாக, அதைப் பிடுங்கி வைத்தார். கல்யாணமான பிறகு அவர் அவள் கையிலிருந்து ஒன்றைப் பிடுங்கியது அது ஒரே தடவை.

நான்காம் நாள் கோப்பு வந்தது.

நம் அலுவலகங்களில் எந்த முடிவும் ஒருவர் எடுப்பதில்லை. ஒரு தாள் எடுக்கிறது. தாளின் தலையில் வரிசையாகக் கட்டங்கள் இருக்கும். தாள் மேசை மேசையாகப் போகும், ஒவ்வொருவரும் தம் கட்டத்தில் சிவப்பு முத்திரை வைப்பார்கள். மேலதிகாரியின் முத்திரை நேராக நிற்கும். கீழே உள்ளவர்கள், தங்கள் முத்திரை மேலதிகாரியின் முத்திரையைப் பார்த்துத் தலைவணங்குவதுபோல இடப்பக்கம் கொஞ்சம் சாய்த்து வைப்பார்கள். எல்லாக் கட்டமும் நிரம்பிவிட்டால் அது யாருடைய முடிவும் அல்ல, ஆகவே யாராலும் மாற்ற முடியாத முடிவு. அந்தத் தாளில் பதினோரு கட்டம். ஏழாவது கட்டம் 'மூத்த வீரர்' என்ற முறையில் குசகாபேயுடையது.

'மேற்படி பயணத்துக்கு நிவா ஷுன்சுகேயை நியமிக்கலாம். குசகாபே நொபுயோஷி தம் விருப்பத்தின் பேரில் விலகிக்கொண்டார்' என்று தட்டச்சு செய்திருந்தது. அதன்மேல் ஆறு முத்திரைகள் ஏற்கெனவே சிவந்திருந்தன.

கோப்பைக் கொண்டுவந்த மியாகே அம்மாள் பக்கத்திலேயே நின்றாள். முப்பது வருஷமாக அந்த மாடியில் கோப்பு சுமப்பவள் அவள்.

"இன்னிக்குச் சாயங்காலத்துக்குள்ள மேல போகணுமாம். அவசரம் ஒண்ணும் இல்லைங்க" என்றாள். அவசரம் என்று பொருள்.

"படிச்சிட்டுத் தரேன், மியாகே சான்."

"தாராளமா. நான் நிக்கறேன்."

குசகாபே படித்தார். எட்டு வரிகளை நாற்பது நிமிடம் படித்தார். மியாகே அம்மாள் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறினாள். அவர் உட்காரச் சொன்னார், அவள் மறுத்தாள். மறுபடி சொன்னார், மறுபடி மறுத்தாள். மூன்றாம் தடவை உட்கார்ந்தாள். இந்த அளவுக்கு ஊர் ஒழுங்காகத்தான் இருந்தது.

அவருக்கு முன்னால் இருந்த வழி மிக எளிமையானது. முத்திரையின் மூடியைத் திறக்காமல், "இது தப்பு, எனக்குப் போகணும்" என்று சொல்ல வேண்டும். சொன்னால் என்ன ஆகும்? தாள் திரும்பிப் போகும். ஆறு பேர் வைத்த முத்திரை ஆறு தவறுகளாகும். அன்சாய் அவமானப்படுவார். நிவாவுக்கு இதற்குள் செய்தி எட்டியிருக்கும், மனைவியிடம் சொல்லியிருப்பார், அவள் தன் தாய்க்குச் சொல்லியிருப்பாள். மேசையைச் சுற்றி இத்தனை பேர் நின்றார்கள், மியாகே அம்மாள் ஒருத்தியைத் தவிர வேறு யாரும் அறையில் இல்லாதபோதும். ஆறு வருஷம் ஒரு கதவைக் காற்றுப் புகாமல் அடைக்கக் கற்றவருக்கு, கதவில் எங்கே கசிவு விட வேண்டும் என்று யாரும் கற்றுத்தரவில்லை.

இன்னொரு கணக்கும் அவர் மனதில் ஓடியிருக்கிறது. பின்னால் மனைவியிடம் சொன்னார். தன் முத்திரையைப் பார்த்ததும் மேலே இருக்கிற நான்கு பேரில் ஒருவருக்காவது உறைக்கும், 'ஐயோ, இவர் நிஜமாகவே சம்மதித்தாரா, கேட்டுப் பாருங்கள்' என்று ஒருவராவது சொல்லுவார் என்று நினைத்தாராம். இரண்டாவது கேள்வி அங்கிருந்து வரும் என்று.

முத்திரை வைத்தார். சாய்த்து வைத்தார்.

மேலே இருந்த நான்கு பேரும் அந்தச் சாய்மானத்தைப் பார்த்து நெகிழ்ந்துபோனார்கள் என்று கேள்வி. ஒருவர் கண் கலங்கினாராம். யாரும் கேட்கவில்லை.

நிவா ஷுன்சுகே மறுநாள் காலை வந்து, மேசைக்கு எதிரே இடுப்பு மடிய வணங்கினார். முப்பத்தெட்டு வயது, நேர்மையான பையன், சிரித்தால் ஈறு தெரியும்.

"இந்தக் கடனை நான் எப்படித் தீர்க்கறது, குசகாபே சான்?"

"உடம்பப் பாத்துக்கோங்க. போதும்."

"உங்க எடத்துல நானா இருந்தா விட்டுக் கொடுத்திருக்க மாட்டேன். நிச்சயமா மாட்டேன்."

"அதுதான் சரி" என்றார் குசகாபே. அன்று முழுவதும் அவர் பேசியதில் அது ஒன்றுதான் மனதிலிருந்து வந்தது. அதையும் நிவா அடக்கம் என்று எடுத்துக்கொண்டார்.

நிவா நன்றியுள்ள ஆள். அதுதான் வினை. செய்தியாளர் கூட்டத்தில், எதிரே நாற்பது கேமரா இருக்க, "இந்த இடம் எனக்கு விட்டுக்கொடுக்கப்பட்டது" என்று தொடங்கி குசகாபேயின் பெயரைச் சொல்லி அழுதுவிட்டார். மறுநாள் நாளிதழில் நான்கு பத்தியில் கட்டுரை. 'தன் வானத்தைப் பிறருக்குத் தந்தவர்' என்று தலைப்பு. அதைப் படித்துவிட்டு ஊர் பெருமைப்பட்டது. பல் டாக்டரின் காத்திருப்பு அறையில் இப்போது யாரும் "எப்போ போறீங்க?" என்று கேட்பதில்லை. கையைப் பிடித்துக்கொண்டு பேசாமல் இருக்கிறார்கள்.

பிறகு சொற்பொழிவுகள். வணிகர் சங்கத்தில் ஒன்று, தாதியர் பள்ளியில் ஒன்று, ஓய்வுபெற்ற தீயணைப்பு வீரர்கள் மன்றத்தில் ஒன்று. எல்லா இடத்திலும் ஒரே தலைப்பு, 'விட்டுக்கொடுக்கும் மனம்'. நகரப் பேருந்துக்காரர்கள், முதியவர்களுக்கு இடம் கொடுங்கள் என்ற சுவரொட்டிக்கு அவர் படம் வேண்டும் என்று வந்தார்கள். அவர் மறுத்தார். மறுபடி வந்தார்கள், மறுபடி மறுத்தார். மூன்றாவது தடவை பழக்கூடையோடு வந்தார்கள். ஏற்றுக்கொண்டார்.

"பஸ் சீட்டுக்கு மூணு தடவை கேட்டாங்க, அப்பா" என்றாள் ஹிசாயே. பழக்கூடையிலிருந்த பேரிக்காயை அவள் தோலைச் சீவாமலே கடித்துத் தின்றாள்.

நிவா போனார். ஆறு மாதம் இருந்தார். குசகாபே கீழே கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து, காதில் கருவி மாட்டிக்கொண்டு, அவருக்கு வழிகாட்டினார். அந்தச் சின்ன வாசலைத் திறக்கிற நாளும் வந்தது.

"வளையத்துல கசிவு ஏதாவது தெரியுதா?"

"துளிகூட இல்லை, குசகாபே சான். புதுசு மாதிரி இருக்கு. உங்க கைவேலை." மேலேயிருந்து சிரிப்புச் சத்தம். "நீங்களே இங்க இருக்கற மாதிரி இருக்கு."

"அப்படிங்களா. சரி, மூடிடுங்க" என்றார் குசகாபே. அவர் குரல் எந்தப் பதிவிலும் நடுங்கவில்லை. அன்றைய பதிவேட்டில் 'இயல்பு நிலை' என்று இருக்கிறது.

நிவா தரையிறங்கிய மாதத்தில் இன்னொரு சீட்டு வந்தது. கூட்டாளி நாடு ஒன்று தன் ஆளை விலக்கிக்கொண்டதால் எதிர்பாராமல் விழுந்த இடம். டாக்டர் தன் கடைசிக் கையெழுத்தைப் போட்டிருந்தார், அதற்கு இன்னும் ஐந்து மாதம் உயிர் இருந்தது. இந்தத் தடவை ஹிசாயே விடவில்லை. இரவுச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்ததும் பயிற்சி ஆரம்பமாகும்.

"குசகாபே சான், போறீங்களா?" அன்சாயின் கரகரத்த குரலில் கேட்பாள்.

"அது வந்து... எனக்கு அந்தத் தகுதி..."

"மறுபடியும். குசகாபே சான், போறீங்களா?"

"நிவா சான் மாதிரி..."

"அவர் போயிட்டு வந்துட்டார், அப்பா. கால் வேற சரியா நடக்க வரல. போறீங்களா?"

"போ... போறேன்."

"தரையப் பாத்துச் சொல்லாதீங்க. என்னப் பாத்துச் சொல்லுங்க."

நான்காம் நாள் அவர் அவள் கண்ணைப் பார்த்து, "போறேன்" என்றார். ஐம்பத்து மூன்றாவது வயதில் முகம் சிவந்தது. இருவரும் சிரித்தார்கள். அந்த வாரம் அவர் சைக்கிளில் போகும்போது உதடு அசைவதைப் பாதித் தெரு பார்த்தது.

அன்சாய் கூப்பிடவே இல்லை. பன்னிரண்டாம் நாள் கோப்பு வந்தது. வேறொரு பெயர், முப்பத்தாறு வயதுப் பெண்மணி. ஆறு முத்திரை. ஏழாவது கட்டம் காலி. மியாகே அம்மாள் இந்தத் தடவை சொல்லாமலே உட்கார்ந்தாள்.

குசகாபே முத்திரை வைக்கவில்லை. கோப்பைக் கையில் எடுத்துக்கொண்டு மூன்றாம் மாடிக்குப் படியேறிப் போனார். முன்கூட்டிச் சொல்லாமல் ஒரு மேலதிகாரியின் கதவைத் தட்டியது அவர் வாழ்க்கையில் அதுவே முதல் தடவை.

"எனக்குப் போகணும்" என்றார், உள்ளே போய் வணங்கும் முன்பே.

அன்சாய் எழுந்து நின்றார். "எங்க?"

"மேல."

அன்சாய் கையிலிருந்த பேனாவை மேசையில் வைத்தார். பிறகு, "எப்பலருந்து?" என்றார்.

"எப்பவுமே. பதினெட்டு வருஷமா."

"அன்னிக்குக் கேட்டப்ப?"

"அன்னிக்கு ரொம்ப."

அன்சாய் உட்கார்ந்தார். அவர் முகத்தில் இரத்தம் இல்லை.

"அந்தப் படிவத்த அன்னிக்கு ஆறு மணி வரைக்கும் நான் அனுப்பலை, குசகாபே சான். எட்டு வருஷம் ஹ்யூஸ்டன்ல இருந்தவர், வேணும்னா நேரா வந்து சொல்லிடுவாருன்னு பாத்தேன். நீங்க சீக்கிரமே வீட்டுக்குப் போயிட்டீங்க."

"நீங்க போன் பண்ணுவீங்கன்னுதான் போனேன்."

"உங்க முத்திரைய வேற பாத்தேன். இவ்வளவு உறுதியா இருக்கறவர மறுபடி கேட்டா அவமரியாதைன்னு நினைச்சேன்." கோப்பைப் பார்த்தார். "இந்தத் தடவை கேக்காம விட்டதும் அதனாலதான். ஊரே உங்கள அப்படி மதிக்குது. உங்கள ஆசைப்பட வைக்கறது பாவம்னு இங்க எல்லாருமே சொன்னாங்க."

"இங்க எல்லாரும் நல்லவங்க" என்றார் குசகாபே.

"அந்தப் பொண்ணுகிட்ட நேத்தே சொல்லியாச்சு. அவங்க அம்மா ஆஸ்பத்திரியில இருக்காங்களாம். கட்டில் பக்கத்துல போய்ச் சொல்லியிருக்கா." அன்சாய் தன் கைகளைப் பார்த்தார். "நீங்க நிறுத்தச் சொன்னா நிறுத்தறேன். என் பேர்ல போட்டு நிறுத்தறேன். சொல்லுங்க. உங்களுக்குப் போகணுமா?"

ஆக, அந்தக் கேள்வி இரண்டாவது தடவையும் கேட்கப்பட்டது. ஆஸ்பத்திரிக் கட்டிலில் ஒரு தாய் படுத்திருக்க, ஆறு முத்திரை காய்ந்துபோயிருக்க, கேட்கப்பட்டது. குசகாபே சன்னலைப் பார்த்தார். தன் சட்டைப் பையிலிருந்து முத்திரையை எடுத்தார், அன்சாயின் மேசையிலிருந்த சிவப்பு மையில் ஒற்றினார், ஏழாவது கட்டத்தில் வைத்தார். இந்தத் தடவை அது நேராக நின்றது. கை சாய மறந்திருக்கலாம்.

அன்சாய் எழுந்து தலை மேசையில் படும் அளவுக்கு வணங்கினார்.

சாயங்காலம் ஹிசாயே வாசலிலேயே நின்றிருந்தாள்.

"சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"கண்ணப் பாத்து?"

"கண்ணப் பாத்துதான்."

"அவர் என்ன சொன்னார்?"

"மன்னிப்புக் கேட்டார்."

"நீங்க?"

குசகாபே குனிந்து காலணியின் கயிற்றை அவிழ்த்தார். முடிச்சு இறுகியிருந்தது, நேரம் எடுத்தது.

"நானும் கேட்டேன்" என்றார்.

ஹிசாயே கொஞ்ச நேரம் அவருடைய உச்சந்தலையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு உள்ளே போய் அடுப்பை அணைத்துவிட்டு வந்து, அவர் பக்கத்தில் படியில் உட்கார்ந்தாள். அவரை எழுந்து வரச் சொல்லவில்லை.